ஏரியில் கேட்ட ரயில்

அத்தியாயம் பதினான்கு

"அம்மா, நம்ம ஏரிப் பக்கம் எந்தக் காலத்துல ரயில் ஓடிச்சு?"

மகள் அந்தக் கேள்வியைக் கேட்டுப் பதினான்கு மணி நேரம் ஆகிவிட்டது. அம்மா இன்னும் பதில் சொல்லவில்லை. "தலை வலிக்குதுடி, காலைல பேசிக்கலாம்" என்று நேற்று மாலை கதவைச் சாத்திக்கொண்டவள், இப்போது சமையலறையில் கழுவிய தம்ளரையே மறுபடியும் கழுவிக்கொண்டு நிற்கிறாள்.

ஊருக்கு அவள் ஏரியம்மா. மழை அறிக்கை வாசிப்பவருக்குத் தொண்டை கட்டிக்கொண்ட ஒருநாள், தொலைக்காட்சி நிலையத்தின் தட்டச்சு மேசையிலிருந்து அவளை எழுப்பிக் கூட்டிவந்து கேமரா முன்னால் உட்கார வைத்தார்கள். அன்றைக்கு உட்கார்ந்தவள்தான். முப்பத்தோரு வருஷம். ஆறு, குளம், கிணறு, சதுப்பு என்று தண்ணீர் இருக்கிற இடமெல்லாம் மைக்கைத் தூக்கிக்கொண்டு நடந்தாள். காகித ஆலையின் கழிவில் நுரைத்துக் கிடந்த ஊர் ஏரியை அவளுடைய ஒரே ஒரு செய்திப் படம் காப்பாற்றியது. ஆலை மூடியது; ஏரி தெளிந்தது. இன்று அங்கே பறவைகள் இறங்குகின்றன. அவள் ஆரம்பித்த காவல் குழுவில் நூறு பேர் இருக்கிறார்கள்.

அடுத்த வாரம் அவளுக்குப் பணி ஓய்வு. அவள் வாழ்க்கையை ஒரு மணி நேரப் படமாக எடுக்கிறது நிலையம். அதே நிலையத்தில் படத்தொகுப்பு செய்யும் மகளிடமே பொறுப்பைக் கொடுத்திருக்கிறார்கள். இன்று மாலை ஐந்து மணிக்குள் ஒப்படைத்தாக வேண்டும்.

கிணறு வெட்டப் போன இடத்தில் பூதம் கிளம்பியது என்பார்களே, அப்படி ஆகிவிட்டது. பழைய கேசட்டுகளைக் கிளறப் போன மகளின் காதில் ரயில் கூவியது.

"அந்தச் செத்த மீன் கேசட்டை முழுசா கேட்டேம்மா." மகள் சமையல் மேடையில் ஏறி உட்கார்ந்தாள். "செய்தியில வந்தது பத்து செகண்ட். அதுக்கு மேல உன் குரல் ஓடுது. கேசட்டுல அதுக்கு முன்னாடி ஒரு நிமிஷம் சும்மா ஓடுது. காத்து, தவளை, அப்புறம் ரயில். நம்ம ஏரியிலேர்ந்து தண்டவாளம் எங்கயோ இருக்கு. எப்படிம்மா?"

படம் பிடிக்கப் போகிற இடத்தில், முதலில் ஒரு நிமிஷம் யாரும் வாயைத் திறக்கக் கூடாது. அந்த இடத்தின் சத்தத்தை மட்டும் பதிவு செய்ய வேண்டும். அது அம்மா போட்ட சட்டம். 'இடத்துக்கு ஒரு குரல் இருக்கு, அதை முதல்ல பேச விடுங்க' என்பாள். கேமராக்காரர்கள் அவள் முதுகுக்குப் பின்னால் அதற்கு 'மௌன விரதம்' என்று பெயர் வைத்திருந்தார்கள்.

"உன் சட்டமே உன்னைக் காட்டிக் குடுத்துடுச்சு," என்றாள் மகள். குற்றம் சாட்டும் குரல் இல்லை. அதுதான் அம்மாவைச் சுட்டது.

அம்மா தம்ளரைக் கவிழ்த்துவிட்டு, முகத்தைத் துடைத்துக்கொண்டு, வாசல் பக்கம் எட்டிப் பார்த்தாள். வீட்டின் முன்னறைதான் கணவரின் மூக்குக்கண்ணாடிக் கடை. அவர் யாருக்கோ எழுத்துப் பலகையைக் காட்டி, "இது தெளிவா இருக்கா, இது தெளிவா இருக்கா?" என்று கேட்பது காதில் விழுந்தது.

"அது நம்ம ஏரி இல்லடி," என்றாள் மெதுவாக. "ரயில் பாதைக்கு அந்தப் பக்கம் ஒரு குட்டை. அந்தக் கோடையில வெயில் தாங்காம மீன் செத்துது. மூணு வாரம் முன்னாடி வேற குழு போய் எடுத்தது. உறையில 'ஏரி, மீன்'னு யாரோ கிறுக்கி வச்சிருந்தாங்க. ஆலைச் செய்தி போற அன்னிக்கு, நுரையை மட்டும் காட்டினா யாரு அழுவான்னு கேட்டு, அன்னிக்குத் தொகுப்புல இருந்தவர் அதை உருவிப் போட்டுட்டார். நான் குரல் குடுத்துக்கிட்டு உள்ள இருந்தேன். ஒளிபரப்புலதான் பார்த்தேன். நம்ம ஏரிதான்னு நானும் நம்பினேன்."

"எப்ப தெரிஞ்சுது?"

"ரெண்டாம் நாள். எடுத்த கேமராக்காரரே வந்து சொன்னார். திருத்தம் எழுதினேன். அதுக்குள்ள ஆலையை மூடச் சொல்லி உத்தரவு வந்துடுச்சு. ஊரே கொண்டாடுது. கிழிச்சுப் போட்டுட்டேன்."

மகள் மேடையிலிருந்து இறங்கினாள். "அப்ப பெரியப்பா?"

பெரியப்பா என்றால் கண்ணாடிக்காரரின் கூடப்பிறந்த அண்ணன். ஆலையின் மேற்பார்வையாளர். 'மீன் செத்துதா?' என்று அவள் மைக்கை நீட்டிக் கேட்டபோது, அவர் கேமராவை நேராகப் பார்த்து, 'எங்க ஏரியில ஒரு மீன்கூடச் சாகல' என்றார். அடுத்த காட்சியில் நூற்றுக்கணக்கான மீன்கள் வெள்ளை வயிறு தெரிய மிதந்தன. ஊர் சிரித்தது. அன்றிலிருந்து அவர் பெயர் 'ஒருமீன்'. தம்பி போய்க் கோபமாகப் பேசிவிட்டு வந்தார், பேச்சு நின்றது. இருபத்திரண்டு வருஷம் ஆகிறது.

"அவர் பேச்சையும் மீனையும் ஒட்டின அந்த வெட்டைப் பயிற்சி வகுப்புல எங்களுக்குப் பாடமா காட்டினாங்கம்மா," என்றாள் மகள். "பொய்யை எப்படி உடைக்கணும்னு."

அம்மா மேடையில் சிந்தியிருந்த தண்ணீரைத் துடைத்தாள்.

"என்ன செய்யட்டும் சொல்லு. மீனை எடுத்துட்டு நுரையோட நிறுத்திடலாம். யாருக்கும் தெரியாது. உள்ளதைச் சொன்னா, ஏரி வடகரையை வளைச்சு வீட்டுமனை போடப் பார்க்கிறவன் நாளைக்கே 'ஏரியம்மாவே பொய்யி'ன்னு கிளம்பிடுவான். உன் பேரு போகும். ஏரியும் போகலாம்."

"அஞ்சு மணிக்குள்ள சொல்றேன்," என்றாள் அம்மா.

அரசன் அன்று கொல்வான், தெய்வம் நின்று கொல்லும் என்று பயமுறுத்துவார்கள். தெய்வம் நின்று காத்திருக்கவும் செய்யும் என்பதை யாரும் சொல்வதில்லை. இவளாக வந்து சொல்லட்டும் என்று இருபத்திரண்டு வருஷம் அது வாசலில் நின்றதாகத்தான் அவளுக்குத் தோன்றியது.

கடைக்குள் போனாள். கணவர் ஒரு கண்ணாடியை மெல்லிய துணியால் துடைத்து, பெட்டியில் வைத்து மூடிக்கொண்டிருந்தார். பெட்டியில் கடைப் பெயர் இல்லை.

"அண்ணி குடுத்ததா?"

அவர் நிமிரவில்லை. "ம். கம்பி உடைஞ்சு போச்சுன்னு குடுத்துட்டுப் போனாங்க. மத்தியானம் வருவாங்க."

அண்ணனோடு பேச்சு கிடையாது. ஆனால் இரண்டு வருஷத்துக்கு ஒருமுறை அண்ணி அவருடைய பழைய கண்ணாடியைப் பையில் ஒளித்து எடுத்துவருவாள். இவர் செய்து கொடுப்பார். எங்கே செய்தது என்று அண்ணனுக்குத் தெரியக் கூடாது; அது நிபந்தனை.

"நான் கொண்டுபோய்க் குடுத்துட்டு வரேன்."

இப்போது நிமிர்ந்தார். "நீயா?"

"அந்தப் பக்கம் வேலை இருக்குங்க."

பொய் சொல்லி வழக்கமில்லாதவர்கள் சொல்லும் பொய் நொண்டும். அவர் அதைப் பார்த்தார், கேட்கவில்லை. பெட்டியை நீட்டினார்.

*

பேருந்தை விட்டு இறங்கி, அண்ணன் குடும்பம் குடிமாறிப் போன வீட்டுக்குத் தெருமுனைத் தையல் கடையில் வழி கேட்டாள்.

"யாரு, ஒருமீன் வீடா?" தையல்காரர் மிஷினை நிறுத்தாமலே, நிமிர்ந்தும் பார்க்காமல் கையைக் காட்டினார். "பச்சைக் கதவு. பார்த்துப் போங்கம்மா, இந்தப் பக்கம் ஒரே குழி. ஒருமீன் கதை இல்ல, நெசமாத்தான்." தன் ஹாஸ்யத்துக்குத் தானே சிரித்தார்.

ஊரில் பொய்க்கு இன்னொரு பெயரே அதுவாகியிருந்தது. சிரித்த மனிதருக்கு வயது இருபத்தைந்து இருக்கும். செய்தி வந்தபோது அவர் மூன்று வயதுப் பிள்ளை. எங்கிருந்து வந்த சொல் என்றே அவருக்குத் தெரியாமல் இருக்கலாம். நாம் காற்றில் விட்ட சொல் எத்தனை வீட்டில் போய்ப் பிள்ளை பெற்றிருக்கிறது என்று எண்ணிக்கொண்டு நடந்தாள். 

கதவு திறந்தே இருந்தது. அண்ணியைக் காணோம், கொல்லைப் பக்கம் துணி துவைக்கும் சத்தம் கேட்டது. ஜன்னல் ஓரம் கணவரின் அண்ணன் தரையில் உட்கார்ந்திருந்தார். சுற்றிலும் காகிதங்கள். பாதி எழுதிப் போட்ட பழைய நோட்டுகளிலிருந்து வெற்றுத் தாள்களைப் பிரித்து, அடுக்கி, புது நோட்டாகத் தைத்துக்கொண்டிருந்தார். முடிந்தவை ஒரு மூலையில் முப்பது நாற்பது இருந்தன. ஒவ்வொன்றின் மேலும் ஒரு பிள்ளையின் பெயரும் வகுப்பும்.

காலடிச் சத்தம் கேட்டு, திரும்பாமலே ஊசியையும் நூலையும் நீட்டினார். "இந்தா, இதைக் கோத்துக் குடு. அரை மணி நேரமா கண்ணாமூச்சி ஆடுது."

மனைவி என்று நினைத்துவிட்டார். அவள் வாங்கி, நூலை ஈரப்படுத்தி, கோத்துக் கொடுத்தாள். மூன்றாவது தடவைதான் நூல் நுழைந்தது.

"உனக்கும் கண்ணு போச்சா?" என்றார்.

"அத்தான்," என்றாள்.

தைக்கப் போன கை நின்றது. அந்தக் குரலை ஊரில் யாருக்குத் தெரியாது? அவர் கண்ணைச் சுருக்கிக்கொண்டு, அவள் நின்ற திசையில் மங்கலாகப் பார்த்தார்.

"மைக் இருக்கா கையில?"

"இல்ல அத்தான். உங்க கண்ணாடி இருக்கு."

உட்கார். நில். போ. எதையும் அவர் சொல்லவில்லை. அவளே தரையில் உட்கார்ந்து எல்லாவற்றையும் சொன்னாள். குட்டை, கேசட், ரயில், கிழித்த காகிதம். முப்பத்தோரு வருஷம் பேசிப் பிழைத்தவளுக்கு அந்தப் பத்து வாக்கியத்தைச் சொல்ல மூச்சு போதவில்லை.

அவர் வெகுநேரம் நூலை விரலில் சுற்றிக்கொண்டிருந்தார்.

"நுரையைக் காட்டினே, அது நெசம்," என்றார் கடைசியில். "ஆலைக் கழிவு மதகைத் திறந்து விட்டவன் நான்தான். மேல சொன்னாங்க, செஞ்சேன். அதுக்காக என்னைத் தூக்கிப் போட்டிருந்தா வாயை மூடிக்கிட்டு வாங்கிட்டிருப்பேன். ஆலையை மூடினதும் சரி. ஆனா நீ கேட்டது மீனைப் பத்தி. சாகல. சாகலைன்னு சொன்னேன்."

"ஆமாம் அத்தான்."

"ஊரு என்னவோ கூப்பிட்டுட்டுப் போகட்டும். மூணாம் நாளு என் தம்பி வந்தான். 'நீ பொய் சொல்லுவேன்னு நான் நினைக்கலண்ணா'ன்னு சொல்லிட்டுத் திரும்பிப் பார்க்காம போனான். நான் பதில் சொல்லல. கூடப்பிறந்தவனுக்கு நான் சாட்சி கொண்டுவந்து நிறுத்தணுமா?" ஊசியை நோட்டின் மேல் குத்தி வைத்தார். "அவன்கிட்ட சொல்லிட்டியா?"

அவள் இல்லை என்று தலையசைத்தாள்.

"அப்ப இங்க எதுக்கு முதல்ல வந்தே? என்கிட்ட சொல்றது சுலபம். நான் ஏற்கெனவே உன்கூடப் பேசாதவன்."

அடித்திருந்தால்கூட இவ்வளவு வலித்திருக்காது. அவள் பெட்டியைத் திறந்து கண்ணாடியை நீட்டினாள். அவர் மாட்டிக்கொண்டு அவளை நன்றாகப் பார்த்தார்.

"உனக்கு வயசாயிடுச்சும்மா," என்றார்.

பிறகு மூக்கின் மேல் விரலை வைத்துத் தடவினார். "என் வீட்டுக்காரி ஏதோ கடைப் பேரு சொல்லுவா. இந்த இடது பக்கம் மேடா இருக்கு பாரு, எட்டு வயசுல அவன் விட்டெறிஞ்ச கல்லு. எந்தக் கடையில வாங்கினாலும் இங்க அழுத்தும். இந்த மேட்டுக்கு ஏத்தாப்புல வளைக்கத் தெரிஞ்சவன் உலகத்துல ஒருத்தன்தான். தெரிஞ்சுக்கிட்டேதான் போட்டுக்கறேன். போய் முதல்ல அவன்கிட்ட சொல்லு."

*

கடையில் வேறு யாரும் இல்லை. கணவர் ஒரு கண்ணாடிக் கம்பியில் கடுகு அளவுத் திருகாணியை இறக்கிக்கொண்டிருந்தார். அவள் நின்றுகொண்டே சொன்னாள். உட்கார்ந்தால் எழுந்து ஓடிவிடுவோமோ என்று பயம்.

திருகாணி கையிலிருந்து நழுவித் தரையில் விழுந்தது.

"எப்ப தெரியும் உனக்கு?"

"ரெண்டாம் நாள்."

"ரெண்டாம் நாள்," என்று அவர் திருப்பிச் சொன்னார். குனிந்து திருகாணியைத் தேட ஆரம்பித்தார். அவளும் மண்டியிட்டாள். மேசைக்கு அடியில் இருவர் தலையும் அருகருகே இருந்தன.

"நான் மூணாம் நாளுதான் அண்ணன் வீட்டுக்குப் போனேன்," என்றார், தரையைத் தடவிக்கொண்டே. "செருப்பைப் போட்டுக்கிட்டு வாசல்ல நின்னேன். தூறிக்கிட்டு இருந்துது. நீ குடையை எடுத்து வந்து குடுத்தே."

"ஆமாங்க."

"நனையக் கூடாதுன்னு."

 'மன்னிச்சுடுங்க' என்ற சொல் நாக்கு வரை வந்து, அந்தக் குடையின் முன்னால் வெட்கப்பட்டுத் திரும்பிப் போயிற்று. திருகாணி அவள் விரல் நுனியில் ஒட்டியது. எடுத்து நீட்டினாள். அவர் வாங்கிக்கொள்ளவில்லை. மேசையைக் காட்டினார், அவள் அதன் மேல் வைத்தாள்.

"கண்ணாடி யாரு செஞ்சதுன்னு அவருக்குத் தெரியும்ங்க," என்றாள். "மூக்கு மேட்டைத் தடவிப் பார்த்தே கண்டுபிடிச்சிருக்கார். எல்லாத் தடவையும்."

அவர் மேசைப் பக்கம் திரும்பிக்கொண்டார்.  எழுத்துப் பலகையின் விளக்கை அணைத்தார், மறுபடி போட்டார், மறுபடி அணைத்தார்.

"மணி மூணாச்சு," என்றார். "பொண்ணுக்கு அஞ்சு மணிக்குள்ள குடுக்கணும்ல? கிளம்பு."

மன்னிப்பு இல்லை அது. ஆனால் அவளை எங்கே போகச் சொன்னார் என்பது இருவருக்கும் தெரியும். சில வேளைகளில் கடவுள் அவ்வளவு சின்னத் துண்டாகத்தான் கருணையைக் கொடுக்கிறார். அதை வாங்கிக்கொண்டு கிளம்பத் தெரிய வேண்டும்.

*

தொகுப்பு அறையில் மகள் ஒரு நாற்காலியைப் போட்டு, சின்னக் கேமராவைத் தானே நிறுத்தினாள். "யோசிச்சுட்டியாம்மா? ஏரி?"

"அந்த ஏரி என் நெசத்தால தெளியட்டும்னுதான் ஆரம்பிச்சேன். பொய்யி ஒட்டிக்கிட்டு இருக்கிற வரைக்கும் அதுல நுரை இருக்குன்னுதான் அர்த்தம். நூறு பேரு இருக்காங்க. என் பேரு இல்லாம காப்பாத்த அவங்களுக்குத் தெரியும்."

"சரி. ஆரம்பிக்கலாமா?"

"ஒரு நிமிஷம்," என்றாள் அம்மா.

மகளுக்குப் புரிந்தது. கேமராவை ஓடவிட்டு வாயை மூடிக்கொண்டாள். ஒரு முழு நிமிஷம் அந்த அறையின் சத்தம் பதிவானது: மின்விசிறி, எங்கோ ஒரு கதவு, இரண்டு பெண்களின் மூச்சு.

பிறகு ஏரியம்மா பேசினாள். "இப்ப நீங்க பார்த்த மீன் நம்ம ஏரி மீன் இல்ல. அதுக்கு முன்னாடி ஒருத்தர் பேசினார். அவர் சொன்னது உண்மை. தப்பு என்னோடது. ரெண்டாம் நாளே எனக்குத் தெரியும். இருபத்திரண்டு வருஷம் சொல்லாம இருந்தேன்."

அவ்வளவுதான். நான்கே முக்காலுக்கு மகள் படத்தை மாடியில் இருக்கும் நிலையத் தலைவருக்கு அனுப்பினாள். "தலைவர் பார்த்துட்டுக் கூப்பிடுவார். வெட்டச் சொன்னா என்ன செய்யறது?"

"கூப்பிடட்டும். அப்ப பேசிக்கலாம்."

வீடு திரும்பியபோது பொழுது சாய்ந்துகொண்டிருந்தது. கடைக் கதவு பாதி இறக்கியிருந்தது. குனிந்து உள்ளே போனாள்.

கணவர் மேசை ஓரம் நின்றுகொண்டு, தொலைபேசியைக் காதில் அழுத்தி வைத்திருந்தார். அவளைப் பார்த்ததும் பேசும் பக்கத்தைக் கையால் மூடினார்.

"அண்ணன் எடுத்துட்டார்," என்றார் கிசுகிசுப்பாக. "நான்தான்னு தெரிஞ்சுபோச்சு. ஒண்ணும் பேச மாட்டேங்கறார். வைக்கவும் மாட்டேங்கறார்."

"நீங்க?"

"நானும்தான்."

அவள் சத்தமில்லாமல் எழுத்துப் பலகைக்குக் கீழே இருந்த முக்காலியில் உட்கார்ந்தாள். அந்தப் பக்கம் என்ன கேட்கிறது என்று அவளுக்குத் தெரியவில்லை. அவர் முகத்தில் மட்டும், ஒரு இடத்தின் சத்தத்தை முதல் முறையாகக் கேட்பவனின் கவனம் இருந்தது. காகிதம் சரசரப்பதோ, நூல் இழுபடுவதோ, ஒரு கிழவரின் மூச்சோ.

கைப்பைக்குள் அவளுடைய செல்போன் அதிர்ந்தது. எட்டிப் பார்த்தாள். நிலையத் தலைவர். அவள் எடுக்கவில்லை. அது அதிர்ந்து ஓய்ந்து, மறுபடி அதிரத் தொடங்கியது.

கணவர் கையை எடுத்தார். தொண்டையைச் செருமினார்.

"அண்ணே," என்றார். "கண்ணாடி மூக்குல சரியா உக்காருதா?"

பதில் அவருக்கு மட்டும்தான் கேட்டது. அவருடைய இன்னொரு கை, உட்கார்ந்து பேசுவதற்கு, பின்னால் நாற்காலி எங்கே இருக்கிறது என்று தடவித் தேடியது.